நாணயம் காத்த நாணயஸ்தர்
காலஞ்சென்ற நிதியமைச்சர் ஹொன் சுய் சென் அவர்களின் வாழ்க்கை வரலாறு

 

செங்காங் வட்டாரத்தில் கடை வைத்திருக்கும் நம்மவர் இருவர் ஜும்ஆத் தொழுகை முடிந்து வெளியே வந்து நின்றால், சலாம் சொல்லிக் குடும்ப நலம் விசாரித்த பின் அவர்கள் பேசத் தொடங்குவது விலைவாசியைப் பற்றித்தான். சென்ற ஆண்டைவிட விற்பனைத் தொகை ஏறியிருக்கிறது. ஆனால் கையில் காசு தங்குவதில்லை. பேரேட்டில் இலாபம் தெரிகிறது. அலமாரியில் சரக்குக் குறைந்திருக்கிறது. இது எப்படி என்று கணக்குப்பிள்ளையைக் கேட்டால் அவரும் விழிக்கிறார்.

இந்தப் புதிரை விடுவிக்கப் பொருளாதார நூல்களைப் புரட்டலாம். அதைவிட எளிய வழி ஒன்று உண்டு. இந்நாட்டில் விலைவாசி ஒரே ஆண்டில் நூற்றுக்கு இருபத்திரண்டு ஏறிய காலத்தில் கஜானாவின் சாவியைக் கையில் வைத்திருந்த ஒரு பெருமகனாரின் வரலாற்றை அறிந்துகொள்வதே அது. அவர் நம் மார்க்கத்தவர் அல்லர். நம் மொழியினரும் அல்லர். ஆயினும் அவர் எடுத்த முடிவுகள் தேக்கா மளிகைக் கடை முதல் ராஃபிள்ஸ் பிளேஸ் நாணய மாற்றுக் கடை வரை நம் மக்கள் ஒவ்வொருவரின் கல்லாப்பெட்டியையும் தொட்டன, இன்றும் தொட்டுக்கொண்டிருக்கின்றன.

பிறப்பும் படிப்பும்

ஹொன் சுய் சென் 1916ஆம் ஆண்டு ஏப்ரல் 16ஆம் நாள் பினாங்குத் தீவின் மேற்புறத்திலுள்ள பாலிக் புலாவ் என்னும் ஊரில் பிறந்தார். ஜாதிக்காய்க்கும் கிராம்புக்கும் பெயர் பெற்ற மலைச்சாரல் அது. தீவின் மறுபுறத்தில் உள்ள ஜார்ஜ் டவுன் நகரமோ நம்மவர்க்கு அந்நியமானதன்று. கப்பித்தான் கிளிங் பள்ளிவாசலும், சூலியா தெருவும் அங்கே நம் முன்னோர் செய்த வாணிபத்துக்கு இன்றும் சாட்சி கூறி நிற்கின்றன.

ஹக்கா சீனக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்த அவர், ஜார்ஜ் டவுனில் செயின்ட் சேவியர் பள்ளியில் பயின்றார். பின் சிங்கப்பூர் வந்து ராஃபிள்ஸ் கல்லூரியில் சேர்ந்து 1938இல் தேறினார். மறு ஆண்டே அரசாங்க உத்தியோகத்தில் அமர்ந்தார். அமைதியான சுபாவம், குறைந்த பேச்சு, கணக்கில் கூர்மை ஆகிய மூன்றும் இளமையிலேயே அவருக்கு வாய்த்திருந்தன. மேடையேறி முழங்கும் கலை அவரிடம் இல்லை. அதற்காக அவர் வருந்தியதும் இல்லை.

ஜப்பான் நோட்டு கற்பித்த பாடம்

உத்தியோகத்தில் கால் ஊன்றுவதற்குள் யுத்தம் வந்தது. 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியர் வசமாயிற்று. அவர்கள் தங்கள் இஷ்டம்போல் நோட்டு அச்சடித்தார்கள். பத்து வெள்ளி நோட்டில் வாழை மரம் இருந்ததால் ஜனங்கள் அதனை வாழைமர நோட்டு என்றே அழைத்தார்கள். ஆரம்பத்தில் நோட்டுகளில் வரிசை எண் இருந்தது. பிறகு அதுவும் போயிற்று. அச்சு யந்திரம் ஓட ஓட நோட்டு மலிந்தது, அரிசி அரிதாயிற்று. பையில் பணத்தைக் கொண்டுபோய்க் கையில் சரக்கைக் கொண்டு வரும் நிலை ஏற்பட்டது. 1945இல் ஆங்கிலேயர் திரும்பி வந்ததும் அந்த நோட்டு செல்லாது என்று அறிவித்தார்கள். மூன்றரை ஆண்டு உழைத்துச் சேர்த்ததெல்லாம் ஒரே நாளில் வெறுங்காகிதமாயிற்று.

சரக்கை விற்று நோட்டாக வைத்திருந்த வியாபாரி நொடித்தான். அரசாங்கம் தன் செலவுக்காக நோட்டு அச்சடிக்கும்போது யாரிடமும் வரிச் சீட்டு நீட்டுவதில்லை. ஆயினும் ஒவ்வொருவன் பெட்டியிலிருந்தும் அது தன் பங்கை எடுத்துக்கொள்கிறது. சட்டமின்றி, ரசீதின்றி வசூலிக்கப்படும் வரி அது. இருபத்தைந்து வயது தாண்டிய ஹொன் இதனைத் தம் கண்ணால் கண்டவர்.

இந்த நோய் புதியதும் அன்று. 1364 முதல் 1442 வரை வாழ்ந்த வரலாற்றாசிரியர் மக்ரீஸி அவர்கள், கெய்ரோ நகரின் சந்தைகளை மேற்பார்க்கும் முஹ்தஸிப் பதவியில் இருந்தவர். தம் காலத்தில் எகிப்தில் உண்டான பஞ்சத்தையும் விலையேற்றத்தையும் ஆராய்ந்து ஒரு நூல் எழுதினார். பதவிகள் விலைக்கு விற்கப்பட்டமை, நிலத்தின் மீது ஏற்றப்பட்ட பாரம், வெள்ளி நாணயம் மறைந்து செப்புக்காசு அளவின்றிப் பெருகியமை ஆகியவற்றையே அவர் காரணங்களாகக் கண்டார். கெய்ரோவின் செப்புக்காசும் சிங்கப்பூரின் வாழைமர நோட்டும் ஒரே குலத்தைச் சேர்ந்தவை.

எண்பத்தைந்து காசான ஒரு வெள்ளி

யுத்தத்திற்குப் பின் ஹொன் நில நிர்வாகத்தில் உயர்ந்து நில ஆணையரானார். சுயாட்சி அரசு அமைந்த பின், 1961 ஆகஸ்டில் பொருளாதார வளர்ச்சிக் கழகம் பத்துக் கோடி வெள்ளி ஒதுக்கீட்டுடன் தொடங்கப்பட்டபோது அதன் முதல் தலைவராக அவரையே அமர்த்தினார்கள். சதுப்பு நிலமாயிருந்த ஜூரோங்கில் தொழிற்சாலைகள் எழுந்தது அவர் காலத்தில்தான்.

1967 ஜூன் 12ஆம் நாள் சிங்கப்பூர், மலேசியா, புருணை மூன்றும் தத்தமக்கெனத் தனி நாணயம் வெளியிட்டன. மூன்றும் ஒன்றுக்கு ஒன்று சமமாகச் செல்லும் என்பது ஏற்பாடு. சிங்கப்பூரில் நாணயம் வெளியிடும் பொறுப்பு தனி வாரியம் ஒன்றிடம் ஒப்படைக்கப்பட்டது. வெளியாகும் ஒவ்வொரு வெள்ளிக்கும் ஈடாக அந்நியச் செலாவணியோ தங்கமோ முழு அளவில் கையிருப்பில் இருக்க வேண்டும் என்பது அதன் விதி. அரசாங்கத்துக்குச் செலவு நெருக்கினால் அச்சு யந்திரத்தை நாட முடியாது. வரி போட வேண்டும், அல்லது செலவைக் குறைக்க வேண்டும். இந்த ஏற்பாட்டை வற்புறுத்தியவர் டாக்டர் கோ கெங் சுவீ.

அந்த ஆண்டு நவம்பரில் பிரிட்டன் தன் பவுனின் மதிப்பை நூற்றுக்கு 14.3 குறைத்தது. புதிய வெள்ளி அதனுடன் இறங்கவில்லை. பவுனோடு கட்டுண்டிருந்த பழைய மலாயா நோட்டு மட்டும் இறங்கிற்று. ஒரு வெள்ளிப் பழைய நோட்டுக்கு எண்பத்தைந்து காசுதான் என்றாயிற்று. பழைய நோட்டை மாற்றாமல் பெட்டியில் வைத்திருந்த ஏழை எளியவர் அடிபட்டனர். ஹொன் பிறந்த பினாங்கில் இதனால் கடையடைப்பும் கலவரமும் மூண்டு உயிர்ச்சேதம் ஏற்பட்டது. நாணயம் என்பது கணக்கேட்டு விவகாரம் மட்டுமன்று. அதில் பதினைந்து காசு குறைந்தால் வீதியில் இரத்தம் சிந்தும் என்பதை அந்தத் தீவு உலகுக்குக் காட்டிற்று.

1968இல் ஆங்கிலேயர் தம் படைத்தளங்களை மூடப்போவதாக அறிவித்தபோது, அவற்றைத் தொழிலுக்குப் பயன்படும்படி மாற்றும் வேலை ஹொன் தலையில் விழுந்தது. அதே ஆண்டில் நிறுவப்பட்ட சிங்கப்பூர் வளர்ச்சி வங்கிக்கும் அவரே முதல் தலைவர். 1970இல் இடைத்தேர்தலில் ஹேவ்லாக் தொகுதியிலிருந்து போட்டியின்றி நாடாளுமன்றம் புகுந்தார். அவ்வாண்டு ஆகஸ்டில் நிதியமைச்சரானார். 1971 ஜனவரி முதல் நாள் தொழிற்படத் தொடங்கிய சிங்கப்பூர் நாணய ஆணையத்தின் தலைமையும் அவரிடமே வந்தது. வரி போடும் கையும் நாணயத்தைக் காக்கும் கையும் ஒரே மனிதருடையவாயின.

கடல் கடந்து வந்த விலையேற்றம்

பதவியேற்ற மூன்றாம் ஆண்டிலேயே புயல் வந்தது. 1972இல் பல நாடுகளில் விளைச்சல் பொய்த்தது. ரஷ்யா உலகச் சந்தையில் கோதுமையை வாரிக்கொண்டது. தாய்லாந்து அரிசியின் விலை ஈராண்டுக்குள் மும்மடங்காயிற்று. 1973 அக்டோபரில் மத்தியக் கிழக்கில் யுத்தம் மூண்டது. பீப்பாய் மூன்று டாலர் அளவில் இருந்த எண்ணெய், 1974 ஜனவரியில் 11 டாலர் 65 காசாயிற்று.

இன்று அடுக்குமாடி வீடுகள் நிறைந்திருக்கும் செங்காங், அந்நாளில் ரப்பர் தோட்டமும் கோழிப்பண்ணையுமாக இருந்த பகுதி. பண்ணைகள் இங்கே இருந்தாலும் அவற்றுக்கு வேண்டிய தீனி கப்பலில்தான் வந்தது. அரிசி, மாவு, பருப்பு, எண்ணெய், துணி என்று நாம் தொட்டதெல்லாம் கப்பலில் வந்தது. கப்பலில் சரக்கு வந்தபோது அதனுடன் விலையேற்றமும் இறங்கிற்று. 1973இல் விலைவாசி நூற்றுக்கு 19.6 ஏறியது. 1974இல் மேலும் 22.3 ஏறியது. 1972இல் 100 வெள்ளிக்கு வாங்கிய சாமானை 1974இல் வாங்க ஏறத்தாழ 146 வெள்ளி தேவைப்பட்டது.

ஜப்பானியர் காலத்து விலையேற்றம் உள்ளூர் அச்சு யந்திரத்தில் பிறந்தது. இதுவோ அயலூரில் பிறந்து துறைமுகம் வழியாக நுழைந்தது. நோய் வேறு, ஆகவே மருந்தும் வேறு. இந்த வித்தியாசத்தை ஹொன் நன்கு உணர்ந்திருந்தார்.

வட்டியும் பற்றும்

விலை ஏறும் காலத்தில் பணம் வைத்திருப்பவனும் கொடுத்தவனும் இழக்கிறார்கள். கடன் வாங்கியவன் பிழைக்கிறான். மத்திய சேமநிதியில் 1974இல் கிடைத்த வட்டி நூற்றுக்கு ஆறரை. ஆண்டின் தொடக்கத்தில் 100 வெள்ளி வைத்திருந்த தொழிலாளியின் கணக்கில் ஆண்டு முடிவில் 106 வெள்ளி 50 காசு இருந்தது. ஆனால் 100 வெள்ளிச் சாமானின் விலை அதற்குள் 122 வெள்ளியைத் தாண்டிவிட்டது. கணக்கில் தொகை கூடிற்று. அதன் வாங்கும் சக்தி எட்டில் ஒரு பங்கு கரைந்தது. வங்கியில் பத்து வட்டிக்குக் கடன் வாங்கி நிலமோ சரக்கோ வாங்கியவனுக்கோ, கடன் தானே உருகிற்று.

வட்டி நமக்கு விலக்கப்பட்டது. ஆகவே இந்தக் கணக்கு நம்மைச் சேராது என்று எண்ணுவார் உண்டு. அது சரியன்று. நாம் வட்டி வாங்குவதில்லை. ஆனால் பற்று எழுதுகிறோம். மூன்று மாதத் தவணையில் ஆயிரம் வெள்ளிச் சரக்கைக் கடனாகக் கொடுத்தால், ஆண்டுக்கு இருபத்திரண்டு விழுக்காடு விலையேறும் காலத்தில் தவணை முடிந்து வரும் ஆயிரம் வெள்ளி, பழைய விலைக் கணக்கில் ஏறத்தாழ 950 வெள்ளிக்குத்தான் சமம். நாணயமான வாடிக்கைக்காரர் சொன்ன நாளில் முழுத் தொகையும் கொடுத்தும் வியாபாரிக்கு ஐம்பது வெள்ளி நஷ்டம். கொடுத்தவரிடமும் குற்றமில்லை, வாங்கியவரிடமும் குற்றமில்லை. இருவருக்கும் நடுவே நிற்கும் அளவுகோல் சுருங்கிவிட்டது. அளவையிலும் நிறுவையிலும் மோசம் செய்யலாகாது என்று நம் மார்க்கம் கண்டிப்பாய்க் கட்டளையிடுகிறது. நாணயமும் ஓர் அளவைதான் அன்றோ?

அன்று சிங்கப்பூரில் வட்டி விகிதத்தை வங்கிகள் தமக்குள் கூடிப் பேசி நிர்ணயித்து வந்தன. 1975இல் அந்தக் கூட்டு ஏற்பாடு நீக்கப்பட்டு, ஒவ்வொரு வங்கியும் தன் விகிதத்தைத் தானே குறித்துக்கொள்ளும் நிலை வந்தது.

வரி என்னும் மறைந்த பங்காளி

இனி, ஏட்டில் இலாபம் தெரிந்தும் கையில் காசு தங்காத புதிருக்கு வருவோம். அக்காலத்தில் கம்பெனியாகப் பதிந்த வியாபாரத்துக்கு இலாப வரி நூற்றுக்கு நாற்பது. கற்பனையாக ஓர் உதாரணம் பார்ப்போம்; எளிமைக்காக வாடகை, கூலி இவற்றை விட்டுவிடுவோம்.

ஒரு மூட்டை 50 வெள்ளிக்கு வாங்கி 60 வெள்ளிக்கு விற்கிறார் ஒருவர். இலாபம் 10. வரி 4. மறுபடியும் 50 வெள்ளிக்கு மூட்டை வாங்கிய பின் அவர் கையில் 6 வெள்ளி நிற்கும். இப்போது விலை நூற்றுக்கு இருபத்திரண்டு ஏறுகிறது. அதே மூட்டையை 73 வெள்ளிக்கு விற்கிறார். ஏட்டில் இலாபம் 23 வெள்ளி. அடேயப்பா என்று பெருமூச்சு விடுகிறார். வரி 9 வெள்ளி 20 காசு. மிஞ்சுவது 63 வெள்ளி 80 காசு. புது மூட்டையின் கொள்முதல் விலையோ 61 வெள்ளி. வாங்கிய பின் கையில் நிற்பது 2 வெள்ளி 80 காசு! ஏட்டில் இலாபம் இருமடங்குக்கு மேல் ஏறிற்று. கையில் நின்றது பாதிக்கும் கீழே இறங்கிற்று. முன்னர் 6 வெள்ளியை நம்பி வீட்டுச் செலவு செய்தவர், இப்போது 23 வெள்ளியை நம்பிச் செலவு செய்தாரானால், அவர் தின்பது இலாபத்தையன்று, முதலை.

தனியாளாகக் கடை நடத்துபவருக்கும் இதே கதிதான். வருமான வரி படிப்படியாக ஏறும் ஏணி. விலையோடு வருமானத் தொகையும் ஏறும்போது, வாங்கும் சக்தி கூடாமலேயே அவர் அடுத்த படிக்குத் தள்ளப்படுகிறார். நாடாளுமன்றம் வரியை உயர்த்தவில்லை, விலைவாசி உயர்த்திவிட்டது.

ஸகாத்தின் அமைப்பை இங்கே எண்ணிப் பார்க்க வேண்டும். வியாபாரச் சரக்கின் அன்றைய மதிப்பில் நாற்பதில் ஒரு பங்கு ஸகாத். நூறு மூட்டை வைத்திருப்பவர் கொடுப்பது இரண்டரை மூட்டையின் மதிப்பு. மூட்டை 50 வெள்ளியானாலும் 61 வெள்ளியானாலும் அது இரண்டரை மூட்டைதான். முதலின் பாரம் கூடுவதில்லை. ஸகாத் கடமையாகும் எல்லையான நிஸாபும் தங்கத்தில் வகுக்கப்பட்டிருக்கிறது. சிங்கப்பூர் இஸ்லாமிய சமய மன்றம் அதனை 86 கிராம் தங்கத்தின் விலையாகக் கணக்கிடுகிறது. நோட்டின் மதிப்பு இறங்கினால் நிஸாபின் தொகை தானே உயர்கிறது; ஏழை விலையேற்றத்தால் மட்டும் செல்வந்தர் பட்டியலில் சேர்க்கப்படுவதில்லை. வரி விதிப்போர் இதிலிருந்து கற்கத்தக்கது உண்டு.

ஹொன் தந்த மருந்து

பஞ்ச காலத்தில் நிதியமைச்சர் முன் எளிய வழிகள் பல வந்து நிற்கும். நோட்டு அச்சடித்து எல்லாருக்கும் படி அளக்கலாம். எல்லாப் பொருளுக்கும் விலை நிர்ணயிக்கலாம். இவற்றால் கைதட்டல் கிடைக்கும், சரக்கு கிடைக்காது. ஹொன் வேறு வழியை மேற்கொண்டார்.

பவுனும் டாலரும் தள்ளாடிய அக்காலத்தில், பலநாட்டுப் பணம் சிங்கப்பூரை நோக்கிப் பாய்ந்தது. டாலரின் விலையை ஒரே நிலையில் பிடித்து வைக்க வேண்டுமானால், வந்த டாலரையெல்லாம் வாங்கிக்கொண்டு அதற்கீடாக வெள்ளியை வெளியிட வேண்டும். அது உள்ளூரிலும் விலையேற்றத்தை வளர்க்கும். ஆகவே வங்கிகள் ஆணையத்தில் கட்டாயமாக வைக்க வேண்டிய ரொக்கத்தின் அளவு உயர்த்தப்பட்டது. பின் 1973 ஜூன் 21ஆம் நாள் சிங்கப்பூர் வெள்ளி கட்டவிழ்த்து விடப்பட்டது. அதன் மதிப்பு ஏறிற்று. 1960களில் ஓர் அமெரிக்க டாலர் வாங்க மூன்று வெள்ளிக்கு மேல் கொடுக்க வேண்டியிருந்தது. ஹொன் மறைந்த 1983இல் இரண்டு வெள்ளி பத்துக் காசளவு போதுமானதாயிற்று. வெளியூர்ச் சரக்கு டாலரில் எவ்வளவு ஏறினாலும், வெள்ளி பலமாக இருக்குமளவு அதன் உள்ளூர் விலை அடங்கும். எல்லாவற்றையும் இறக்குமதி செய்யும் நாட்டுக்கு இதுவே தகுந்த கேடயம்.

அதற்குச் சில வாரங்களுக்கு முன், 1973 மே மாதத்தில், மலேசிய வெள்ளியும் சிங்கப்பூர் வெள்ளியும் சமமாகச் செல்லும் ஏற்பாட்டை மலேசியா முடித்துக்கொண்டது. ராஃபிள்ஸ் பிளேஸ் சேஞ்ச் ஆலியில் நாணயம் மாற்றி வந்த நம் சகோதரர்கள் அன்றுவரை ஒன்றாகக் கண்ட இரு நோட்டுகளுக்கு இரண்டு விலை சொல்லத் தொடங்கினார்கள். அதன் பின் ஐம்பதாண்டில் நடந்ததை நாம் அறிவோம். சமமாகப் பிறந்த இரு நாணயங்களில், 2024இல் ஒரு சிங்கப்பூர் வெள்ளிக்கு மூன்று ரிங்கிட்டுக்கு மேல் கிடைத்தது.

சம்பளம் விலையைத் துரத்துவதும், விலை சம்பளத்தைத் துரத்துவதும் மற்றொரு தொல்லை. 1972இல் அமைக்கப்பட்ட தேசிய சம்பள மன்றத்தில் அரசு, முதலாளி, தொழிலாளி மூவரும் உட்கார்ந்து அளவு பேசினார்கள். 1974இல் மத்திய சேமநிதியில் தொழிலாளி செலுத்தும் பங்கு நூற்றுக்குப் பதினைந்தாக உயர்ந்து, இருவர் பங்கும் சேர்ந்து முப்பதாயிற்று. சம்பள உயர்வின் ஒரு பகுதி சந்தைக்கு வந்து விலையை ஏற்றாமல் சேமிப்பில் போய்ச் சேர்ந்தது.

மருந்து கசப்பாகவே இருந்தது. உலக மந்தமும் சேர்ந்துகொண்டதால் 1974, 1975 ஆண்டுகளில் ஆயிரக்கணக்கானோர் தொழிற்சாலை வேலை இழந்தனர். சேமநிதியில் பணம் வைத்திருந்தவரின் நஷ்டத்தை யாரும் ஈடு செய்யவில்லை. இதனை மறைத்து எழுதுவது நேர்மையாகாது. ஆயினும் 1975இல் விலையேற்றம் நூற்றுக்கு மூன்றுக்கும் கீழே வந்தது. 1976இல் விலைவாசி சற்றே இறங்கவும் செய்தது. பல நாடுகள் பத்தாண்டுகள் அவதிப்பட்ட நோயிலிருந்து சிங்கப்பூர் ஈராண்டில் எழுந்து உட்கார்ந்தது.

இரண்டாம் புயலும் மறைவும்

1978இல் அந்நியச் செலாவணிக் கட்டுப்பாடுகளை ஹொன் முழுமையாக அகற்றினார். பணம் தடையின்றி வரலாம், போகலாம். இதன் விளைவு ஒன்றை வியாபாரிகள் தெரிந்துகொள்ள வேண்டும். கதவு திறந்திருக்கும் வீட்டில் தனியாகக் குளிரூட்ட முடியாது. அதுபோலப் பணத்துக்குக் கதவு திறந்திருக்கும் சிறு நாட்டில் வட்டியைத் தன் விருப்பப்படி ஏற்றவோ இறக்கவோ இயலாது. உலக வட்டி ஏறினால் இங்கும் ஏறும். சிங்கப்பூர் வெள்ளி மெல்ல மதிப்பு உயரும் என்று உலகத்தார் எதிர்பார்த்தால், அந்த அளவுக்கு இங்கே வட்டி குறைந்திருக்கும்.

1979இல் எண்ணெய் விலை மறுபடியும் பாய்ந்தது. 1980இலும் 1981இலும் விலையேற்றம் நூற்றுக்கு எட்டைத் தாண்டிற்று. அப்போது நாணய ஆணையத்தின் தலைமை டாக்டர் கோ கெங் சுவீயிடம் சென்றிருந்தது. ஹொன் நிதியமைச்சராகத் தொடர்ந்தார். 1981 முதல் வட்டியை விட்டு, நாணய மாற்று மதிப்பையே விலைவாசியை அடக்கும் கடிவாளமாக ஆணையம் ஏற்றுக்கொண்டது. வாணிபம் செய்யும் நாடுகளின் நாணயங்களை ஒரு கூடையாகக் கணக்கிட்டு, அதற்கெதிரே வெள்ளியை ஓர் எல்லைக்குள் நடத்தும் முறை அது. பிற நாட்டு மத்திய வங்கிகள் வட்டியை அறிவிக்கும்போது சிங்கப்பூர் வெள்ளியின் போக்கை அறிவிப்பது இதனால்தான். 1983இல் விலையேற்றம் நூற்றுக்கு ஒன்றளவுக்கு அடங்கிற்று.

அந்த ஆண்டுகளில் அரசு சம்பளத்தையும் சேமநிதிப் பங்கையும் வேகமாக உயர்த்தியது. பலமான வெள்ளியோடு உயர்ந்த கூலியும் சேர்ந்தபோது ஏற்றுமதியாளருக்குப் பாரம் கூடிற்று. 1985இல் பொருளாதாரம் சுருங்கியதற்கு இதுவும் ஒரு காரணமாயிற்று. நல்ல மருந்துக்கும் அளவு உண்டு.

அதனைக் காண ஹொன் இருக்கவில்லை. 1983 அக்டோபர் 14ஆம் நாள், பதவியில் இருக்கும்போதே தமது 67ஆவது வயதில் காலமானார். பதின்மூன்று ஆண்டு நாட்டின் கஜானாவைக் காத்தவர், தமக்குப் பின் வருவோரைத் தேடும் பணியையும் விட்டுவைக்கவில்லை. பின்னாளில் பிரதமரான கோ சோக் தோங் அவர்களை 1976இல் அரசியலுக்கு அழைத்து வந்தவர் அவரே. சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் ஒரு நூலகம் அவர் பெயர் தாங்கி நிற்கிறது.

நமக்குள்ள படிப்பினை

விலையேற்றம் மறுபடியும் வந்தது. 2022இல் விலைவாசி நூற்றுக்கு 6.1 ஏறிற்று; 2023இல் 4.8, 2024இல் 2.4 என்று தணிந்தது. 1994இல் மூன்று விழுக்காடாகத் தொடங்கிய பொருள் சேவை வரி, 2023இல் எட்டும் 2024இல் ஒன்பதும் ஆயிற்று. வரி உயர்வு விலையை ஒரு படி ஏற்றி நிறுத்தும். நாணயத்தின் தளர்ச்சியோ விலையை நிற்காமல் ஏற்றிக்கொண்டே போகும். இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்ளலாகாது.

பலமான வெள்ளி நம்மவர் எல்லாருக்கும் ஒரேவிதமான நன்மை தருவதன்று. கடையநல்லூருக்கும் நாகூருக்கும் கீழக்கரைக்கும் குடும்பச் செலவு அனுப்புவோருக்கு அது கூடுதல் ரூபாய். இறக்குமதி மளிகைக்காரருக்கு அது மலிவான கொள்முதல். ஆனால் சிராங்கூன் சாலையில் இந்தியப் பயணிகளை நம்பிக் கடை வைத்திருப்பவருக்கும், சரக்கை வெளிநாட்டுக்கு ஏற்றுபவருக்கும் அது வாடிக்கையைக் குறைக்கும். யார் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதை அவரவர் தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டும்.

விற்ற விலையிலிருந்து வாங்கிய விலையைக் கழித்து இலாபம் காண்பது பழைய பழக்கம். விலையேறும் காலத்தில் மறுபடி வாங்கப்போகும் விலையைக் கழித்துப் பார்க்க வேண்டும். அதன் பின் நிற்பதே வீட்டுக்கு எடுத்துச் செல்லத்தக்கது. வரிக்கு வேண்டியதை விற்ற அன்றே ஒதுக்கி வைக்க வேண்டும். பற்றுத் தவணையைச் சுருக்க வேண்டும். விலை ஏறும் என்று எண்ணி உணவுப் பொருளைப் பதுக்குவதோ பெரும்பாவம். நாயகம் (ஸல்) அவர்கள் கண்டித்த செயல். அடுத்த விற்பனைக்கு அளவாகச் சரக்கு வைப்பது வியாபாரம். ஊரார் பசியை எதிர்பார்த்துக் கதவைச் சாத்துவது அநியாயம்.

நாணயம் என்னும் சொல்லுக்குத் தமிழில் காசு என்றும் நேர்மை என்றும் இரு பொருள் உண்டு. ஒன்று கெட்டால் மற்றதும் நிலைப்பது கடினம். வாழைமர நோட்டைக் கண்ட இளைஞர், தம் கைக்கு அதிகாரம் வந்தபோது நோட்டைப் பெருக்கிப் புகழ் தேடவில்லை. கசப்பைப் பொறுத்து அளவுகோலைக் காத்தார். நம் கையில் இருக்கும் அளவுகோல் சிறியது: ஒரு தராசு, ஒரு பேரேடு, ஒரு வாக்கு. அவற்றை அவ்வாறே காப்பது நம் கடமை. நம் வாணிபத்தில் ஹலாலான பரக்கத்தையும், கொடுக்கல் வாங்கலில் நேர்மையையும் அல்லாஹுத் தஆலா நம் அனைவருக்கும் அருள்வானாக! ஆமீன்.